அல்லி விட்டுவைத்த இடம்

மொச்சைத் தோலை அவள் முறத்துக்கு வெளியே எறிகிறாள், அது பறந்து வட்டத்தின் விளிம்பைத் தொட்டதும் இல்லாமல் போகிறது, தரையில் விழுவதில்லை, தரையில் நான் காலையில் பெருக்கிவிட்ட சிமெண்டு மட்டும்தான் இருக்கிறது, அவள் அடுத்த காயை எடுத்து நகத்தால் கீறிக்கொண்டே நிமிர்ந்து, வந்தாச்சா, படகு ஆடிச்சா என்று கேட்கிறாள், ஆடல என்கிறேன், அதோடு என் பதில் முடிந்துவிடுகிறது, ஆனால் அவள் பார்த்துக்கொண்டே இருக்கிறாள், தலையைக் கொஞ்சம் ஒரு பக்கம் சாய்த்து, இன்னும் ஏதோ வரப்போகிறது என்பதுபோல, விரல்கள் மட்டும் ஒரு காயை உரித்து இன்னொரு காயை எடுக்கின்றன, பருப்பு முறத்தில் விழும் சத்தம் கேட்கிறது, தெருவில் யாரோ மீன் கூவிக்கொண்டு போகிறார்கள், அது இன்றைய தெருவா அன்றைய தெருவா என்று தெரியவில்லை, நான் சும்மா உட்கார்ந்திருக்கிறேன், ஒருவழியாக அவள் தலையை ஆட்டிவிட்டு, சாப்பாடு ஆச்சா, இல்ல படகுல விக்கிற சுண்டலோட சரியா என்கிறாள், ஆச்சு என்கிறேன், மறுபடியும் அந்த மௌனம், மறுபடியும் அந்தச் சாய்ந்த தலை, ராத்திரில தூக்கம் வருதா என்கிறாள், வருது, கோவம் எல்லாம் போயிடுச்சா என்கிறாள், அதற்கு நான் இதுவரை ஒன்றும் சொன்னதில்லை, சொல்லாவிட்டாலும் அவள் காத்திருக்கிறாள், எல்லாக் கேள்வியையும்விட இதற்குத்தான் நீளமாகக் காத்திருக்கிறாள், காத்திருந்து, நடுவில் சட்டென்று சிரிக்கிறாள், கையில் காய்ப் பிசுக்கு என்பதால் முழங்கையால் வாயை மறைத்துக்கொண்டு, எதற்குச் சிரிக்கிறாள் என்று எனக்குத் தெரியாது, சிரித்து முடித்த பிறகும் அதே சாய்ந்த தலையோடு கேட்டுக்கொண்டிருக்கிறாள், பிறகு, சரி இரு, டீ போடுறேன் என்று முறத்தைத் தள்ளி வைத்து எழுந்து சமையலறைப் பக்கம் நடக்கிறாள், வட்டத்தின் விளிம்பில் முதலில் அவள் பாதம் மறைகிறது, பிறகு முகம், கடைசியாகச் சடையின் நுனி, கொஞ்ச நேரம் முறம் மட்டும் தரையில் இருக்கிறது, சிமிழின் மூடி தானாக விழுகிறது, முறமும் இல்லை.

எங்கள் ஆழித்துறையில் வீடு கட்டும்போதே கூடத்தின் நடுவில் ஒளிச்சிமிழுக்கு என்று உள்ளங்கை அகலத்தில் ஒரு குழி விட்டுவிடுவார்கள், சிமிழ் அதில் அசையாமல் உட்கார வேண்டும், அசைந்தால் எடுத்தது ஓரிடமும் எழுவது ஓரிடமுமாக ஆள் சுவருக்குள் போய் உட்கார்ந்துவிடுவார், உள்ளே ஒரு கண்ணாடி வில்லை, மூடியை வலப்பக்கம் திருப்பினால் சுற்றி ஒரு ஜமுக்காளம் விரிக்கும் தூரத்துக்கு யார் இருக்கிறார்களோ என்ன இருக்கிறதோ அத்தனையும் வெளிச்சமாக அந்த வில்லைக்குள் இறங்கும், குரலுக்கு மட்டும் வட்டம் கிடையாது, தெருவில் கூவினாலும் இறங்கும், பிறகு சன்னலைச் சாத்திவிட்டு மூடியை இடப்பக்கம் திருப்பினால் இறங்கியதெல்லாம் எழுந்து அதே இடத்தில் உட்காரும், முன்னால் பார்க்கலாம், பின்னால் போய்ப் பார்க்கலாம், சடைக்குள் அடங்காத பிடரி முடியைக்கூடப் பார்க்கலாம், தொட்டால் கை உள்ளே போய்விடும். இடம் விட்டு எடுப்பது என்று ஒரு வழக்கம் இருக்கிறது, வீட்டில் இல்லாதவர்களுக்காக, கடலுக்குப் போனவன், அக்கரையில் வாழ்க்கைப்பட்டவள், படிக்கப் போன பிள்ளை, கோபித்துக்கொண்டு போன சித்தப்பா, அவர்கள் உட்கார ஓர் இடத்தைக் காலியாக விட்டு, அவர்கள் பேச வேண்டிய நேரத்தையும் காலியாக விட்டு, மற்றவர்கள் தங்கள் பங்கை எடுத்துவிடுவார்கள், பிறகு உனக்கு இடம் விட்டிருக்கு என்று சொல்லி அனுப்பினால் போதும், எவ்வளவு கோபம் இருந்தாலும் வந்து உட்கார்ந்துதான் ஆக வேண்டும், மூடியை மறுபடி வலப்பக்கம் திருப்பிவைத்து அவர் உட்கார்ந்து பேசப் பேச அதே வில்லையில் இரண்டாம் ஒளி இறங்கும், அப்புறம் யார் போட்டுப் பார்த்தாலும் அவர்கள் ஒன்றாகத்தான் உட்கார்ந்திருந்தார்கள். இடம் விடும்போது பெயரும் முறையும் சொல்லக் கூடாது, சொல்லி அவர் வராமல் போய்விட்டால் அந்தப் பெயர் ஆளில்லாமல் நிற்கும் என்று பயம். இரண்டாம் ஒளி ஒரே ஒரு தடவைதான் இறங்கும், உருவத்தின் மேல் உருவமோ குரலின் மேல் குரலோ விழுந்தால் பால் திரிகிற மாதிரி இரண்டும் திரிந்துவிடும், மழைக்காலத்து ஈரத்தில்தான் வில்லை இளகியிருக்கும், மேற்கிலிருந்து மேல்காற்று அடிக்கத் தொடங்கினால் அன்றே இறுகிவிடும், அதற்குப் பிறகு காலி இடம் என்றைக்கும் காலி இடம்தான்.

அல்லி இதை எப்போது எடுத்தாள் என்று என்னிடம் சொல்லவில்லை, மழை பிடித்த வாரமாக இருக்க வேண்டும், அவள் பக்கத்தில், நான் வழக்கமாகக் கழற்றிப் போடும் இடத்தில், என் மழைக்கோட்டு இல்லை, அதனால் நான் பாறையில் இருந்திருக்கிறேன், துறைக்கு எதிரே கடலுக்குள் இருக்கும் பாறையில்தான் காற்று நிலையம், அங்கே காற்றின் திசையையும் வேகத்தையும் பார்த்துச் சொல்வது என் வேலை, போனால் சில நாள் கழித்துத்தான் படகு, திரும்பி வந்தபோது அவள் காய்ச்சலில் கிடந்தாள், தண்ணி என்றாள், சன்னலைச் சாத்து என்றாள், அப்புறம் என்னை யாரோ அசலூர்க்காரனைப் பார்ப்பதுபோல் பார்த்தாள், மூளைக்காய்ச்சல் என்றார்கள், அக்கரைப் பெரிய ஆஸ்பத்திரிக்குப் படகில் கொண்டுபோனோம், என் மடியில் தலை, நான் அவள் முகத்தைப் பார்க்காமல் காற்றைப் பார்த்துக்கொண்டிருந்தேன், பழக்கம், வடகிழக்கு, மிதம். காரியமெல்லாம் முடிந்து, வந்தவர்கள் போய், அண்ணி அரைத்து வைத்துவிட்டுப் போன பொடி டப்பாக்கள் அலமாரியில் வரிசையாக நிற்க, கூடத்தைத் துடைக்கலாம் என்று சிமிழைத் தூக்கினேன், உள்ளே வில்லை இருந்தது. ஊரில் இல்லாத கணவனுக்கு இடம் விட்டிருக்கிறாள் என்று நினைத்தேன், வேறு எதுவும் நினைக்கத் தோன்றவில்லை, அந்த இடத்தில் போய் உட்கார்ந்தேன், அவள் பார்வை என் நெற்றிக்கு மேலே பட்டது, என் உயரத்தைத் தப்பாகக் கணக்குப் போட்டுவிட்டாள் என்று நினைத்தேன்.

மழைக்காலம் முழுவதும், பாறையிலிருந்து வந்த நாளெல்லாம், கால் கழுவிவிட்டு சன்னலைச் சாத்திக்கொண்டு அங்கே உட்கார்ந்தேன், அழவில்லை, அழுகை வரும் என்று எல்லோரும் சொன்னார்கள், வரவில்லை, அவள் கேட்பாள், நான் சொல்வேன், என் பதில் அவள் விட்ட நேரத்தில் கால்வாசியைக்கூட நிரப்பவில்லை, நான் அப்படித்தான், கல்லூரியிலேயே அப்படித்தான், பக்கத்து வகுப்பிலிருந்து அவள் வந்து பேசுவாள், நான் ம் என்பேன், பேசினா வாடகை கேப்பாங்கன்னு பயமா உனக்கு என்பாள், ம் என்பேன், அதற்கும் சிரித்தவள்தான் என்னைக் கட்டிக்கொண்டாள், என்னைத் தெரிந்தவள், என் ம்-க்கு எவ்வளவு நேரம் ஆகும் என்று தெரிந்தவள், எதற்கு இவ்வளவு பெரிய பெரிய இடைவெளிகளை விட்டாள். அதைத்தான் யோசித்துக்கொண்டிருந்தேன், பாறையில் காற்றுமானியின் கிண்ணங்கள் சுற்றுவதைப் பார்த்தபடி, என்னோடு வேலை பார்க்கும் சிங்காரம், உங்கிட்ட ஒரு வார்த்த வாங்குறதுக்குள்ள காத்தே திசை மாறிடும்யா என்று எப்போதும் சொல்வதை அப்போதும் சொன்னான், சொல்லிவிட்டு, அல்லி இல்லாத வீட்டுக்குப் போகிறவனிடம் சொல்லக் கூடாததைச் சொல்லிவிட்டோமோ என்று முகத்தைத் திருப்பிக்கொண்டு டீ ஆற்றினான். அது என் மேல் அவளுக்கு இருந்த ஒரு குறை என்று நினைத்தேன், உயிரோடு இருக்கும்போது சொல்லாமல் விட்ட குறை, இவ்வளவு பேச்சை உன்னிடமிருந்து எதிர்பார்த்தேன், இவ்வளவு இடம் காலியாகவே கிடந்தது என்று எனக்குக் காட்டுவதற்காகத்தான் அவள் தலையைச் சாய்த்துக்கொண்டு காத்திருக்கிறாள். தூக்கத்திலும் அது வந்தது, நான் பேசுகிறேன், வாயிலிருந்து மொச்சைப் பருப்பாக விழுகிறது, முறம் நிறையவே இல்லை, அவள் முறத்தை என் பக்கம் நகர்த்தி நகர்த்தி வைக்கிறாள், பார்த்தால் அங்கே நான் இல்லை, நான் உட்கார்ந்திருந்த அளவுக்கு வெறும் காற்று இருக்கிறது, அதற்குத்தான் அவள் முறத்தை நகர்த்துகிறாள்.

செல்வக்கனி அக்கா ஒரு நாள் வாசலில் நின்று செருப்பை உதறினாள், துறைத்தெருவில் சிமிழ்க்கடை வைத்திருப்பவள், எங்கள் கல்யாணத்துக்கு எடுத்ததும் அவள்தான், இரண்டாம் ஒளி இறக்க ஊரில் அவளைத்தான் கூப்பிடுவார்கள், என்ன தம்பி, மேகாத்து எப்ப வருதுன்னு ஊருக்கெல்லாம் சொல்றவன் நீ, ஒனக்கு யாரு சொல்லணும் என்றாள், இந்த வாரம் திரும்பிடும்க்கா என்றேன், அப்புறம் எதுக்கு உக்காந்துருக்க, எறுகிப்போச்சுன்னா நானும் ஒண்ணும் பண்ண முடியாது, அவளும் ஒண்ணும் பண்ண முடியாது என்றாள், என்ன சொல்றதுன்னு தெரியலக்கா என்றேன், அவள் இடுப்பில் கை வைத்துக்கொண்டு, பொண்டாட்டி கேக்குற கேள்விக்கு எவனுக்குய்யா பதில் தெரியும், எங்க வீட்டு ஆளு இருபது வருசமா முழிச்சிட்டுத்தான் இருக்காரு, ஏதாவது சொல்லு, சும்மா கெடக்கறதுக்கு அது தேவல என்றாள், சரி என்றேன், வியாழக்கெழம காலைல வரேன், நல்ல சட்ட போட்டுக்கோ, அந்தப் பாறச் சட்ட வேண்டாம் என்று சொல்லிவிட்டுப் போனாள். வியாழக்கிழமை காலை நல்ல சட்டையைத் தேய்த்துப் போட்டுக்கொண்டேன், அல்லி வாங்கிக்கொடுத்த பாசிப்பயறு நிறச் சட்டை, கண்ணாடியில் பார்த்து, ஆடிச்சு, ஒரே அலை, சாப்பிடல, தூக்கம் வரல என்று சொல்லிப் பார்த்தேன், அப்படி நீட்டினாலும் கால்வாசிதான், கோபம் இல்லை என்று சொல்லிப் பார்த்தேன், என்ன கோபம், எனக்கு என்ன கோபம் இருந்தது என்று ஞாபகப்படுத்திப் பார்த்தேன், ஒன்றும் ஞாபகம் வரவில்லை, காது ஓரத்தில் காற்று மாறியிருந்தது, அதை உணர நிலையத்துக் கருவி வேண்டியதில்லை, மாலைக்குள் மேல்காற்று வந்துவிடும். அப்போதுதான் கதவு தட்டப்பட்டது, செல்வக்கனி அக்கா என்று திறந்தேன், அல்லியின் அப்பா நின்றிருந்தார்.

மாசிலாமணி மாமா வாசல் நிலையில் தலை இடிக்கும் உயரம், மேலத்தீவில் பனிக்கட்டிக் கிடங்கு வைத்திருப்பவர், கையில் எதுவும் இல்லை, சட்டைக் காலர் உப்புத் தண்ணீரில் நனைந்திருந்தது, இந்த வீட்டுக்குள் அவர் காலடி வைத்ததே இல்லை, சுடுகாட்டுக்கு வந்தார், தூரத்தில் நின்றார், அப்படியே படகேறிப் போய்விட்டார். அதற்கு முன்னால் பார்த்தது கல்யாணத்தில், எங்கள் வழக்கப்படி பெண்ணின் அப்பா கடைசியாகச் சிமிழைப் பார்த்து வாழ்த்துச் சொல்ல வேண்டும், அவருக்குத் திக்குவாய், நெருங்கியவர்களிடம் மெதுவாக வரும், கூட்டத்தில் வார்த்தை தொண்டையில் நின்றுவிடும், அன்றைக்கு அவர் வாயைத் திறந்து முதல் எழுத்தோடு போராடிக்கொண்டிருந்தபோதே வில்லை நிறைந்து மூடி டக் என்று தானாக விழுந்துவிட்டது, பின்வரிசையில் யாரோ சிரித்தார்கள், அந்தச் சிரிப்பு பக்கத்து வரிசைக்கும் போனது, நாங்கள்தான் மூடச் சொல்லிவிட்டோம் என்று அவர் நினைத்துக்கொண்டார், சாப்பிடாமல் சாயங்காலப் படகில் போனவர் போனவர்தான், அல்லி எத்தனையோ முறை போய்ப் பார்த்தாள், கிடங்குக்குள்ளேயே இருந்துகொண்டு ஆள் இல்லை என்று சொல்லச் சொன்னார், அவள் திரும்பி வந்து குளிர்ந்த கையை என் கழுத்தில் வைப்பாள். வாங்க மாமா என்றேன், அவர் நிலையைப் பிடித்துக்கொண்டு, அ... அவளோட ஒண்ணு இருக்காமே, படகுல பேசிக்கிட்டாங்க, எறுகுறதுக்கு முன்னாடி ஒரு தடவ பாத்துட்டுப் போ... போயிடுறேன் மாப்பிள்ள என்றார், உள்ளே வந்து சுவரோரமாக நின்றார், உட்காருங்கள் என்றதற்கும் உட்காரவில்லை, நான் சன்னலைச் சாத்தி மூடியை இடப்பக்கம் திருப்பினேன், அல்லி எழுந்து வந்து முறத்தோடு உட்கார்ந்தாள், அவர் தோளிலிருந்த துண்டைக் கையில் எடுத்துக்கொண்டார்.

வந்தாச்சா, படகு ஆடிச்சா என்றாள், நான் வாயைத் திறக்கவில்லை, சுவரோரத்திலிருந்து அவர், ஆ... ஆ... ஆடிச்சும்மா, நடுக்கடல்ல போட்டு ஒரு ஆட்டு ஆட்டிச்சு பாரு, பக்கத்துல இருந்த பொம்பள எஞ் ச... சட்டையப் புடிச்சுக்கிச்சு என்றார், அவர் சட்டை என்று சொல்லி முடித்த இடத்தில் அல்லி தலையை ஆட்டினாள், சாப்பாடு ஆச்சா, இல்ல படகுல விக்கிற சுண்டலோட சரியா, சு... சுண்டல்தான், அதுல உப்பும் இல்ல ஒண்ணும் இல்ல, கா... காகிதத்தத் தின்னுருக்கலாம் என்றார், அவர் முடிக்க, அவள் ஆரம்பித்தாள், நான் மாதக்கணக்காக உட்கார்ந்திருந்த மௌனங்களுக்குள் அவர் வார்த்தைகள் ஒவ்வொன்றும் முட்டி, நின்று, தடுமாறி, சரியாக விளிம்புவரை போய் நிரம்பின, அவள் பார்வை இப்போது என் நெற்றிக்கு மேலே போய் எங்கே நிற்கிறது என்று பார்த்தேன், அவ்வளவு உயரமான ஒருவர் சம்மணம் போட்டு உட்கார்ந்தால் கண் வரும் இடத்தில். கோவம் எல்லாம் போயிடுச்சா என்றாள், அவர் சேலைத் தலைப்பு மாதிரி துண்டை வாயில் வைத்துக்கொண்டு, அதுக்கென்ன, ஐ... ஐசுக்குள்ள வச்சிருக்கேன், கெ... கெட்டுப்போகாது என்றார், அல்லி முழங்கையால் வாயை மறைத்துக்கொண்டு சிரித்தாள். அவர் கீழே உட்கார்ந்துவிட்டார், அவ சின்னதுல இருந்து எப்ப கேட்டாலும் நான் அதத்தான் சொ... சொல்லுவேன் மாப்பிள்ள, எப்பவும் அதுக்குத்தான் சிரிப்பா, என்றார், வட்டத்துக்குள் அல்லி இன்னும் காத்துக்கொண்டிருந்தாள், அவர் அதற்கு மேல் ஒன்றும் சொல்லவில்லை, சரி இரு, டீ போடுறேன், பாதம், முகம், சடையின் நுனி, முறம், மூடி.

நான் சன்னலைத் திறந்தேன், வெளிச்சம் வந்தது, அந்த இடம் ஒரு வெறும் சிமெண்டுத் தரை, அதில் என் வேட்டி உராய்ந்து உராய்ந்து ஒரு வழுவழுப்பு ஏறியிருந்தது, என் இடம் என்று நினைத்திருந்த தரை, ஒரு மழைக்காலம் முழுக்க அடுத்தவர் இடத்தில் உட்கார்ந்து அவருக்கு வந்த கேள்விகளுக்குப் பதில் சொல்லிக்கொண்டிருந்திருக்கிறேன், எனக்கு அவள் எதையும் விடவில்லை. ஒன்றும் சொல்லாமல் இருந்தால் அவர் மதியப் படகில் போய்விடுவார், செல்வக்கனி அக்கா வந்ததும் நான் உட்கார்ந்து நான்கு வார்த்தை சொல்லலாம், என்றைக்கும் அவளோடு அந்த வில்லையில் இருக்கலாம், மீதி மௌனத்தை யாரும் கேட்கப் போவதில்லை, இதை நினைத்தேன், நினைக்கவில்லை என்று சொல்ல முடியாது. மாமா, உங்களுக்கு இடம் விட்டிருக்கு என்றேன், முறையாகச் சொல்லி அனுப்ப வேண்டியதை நேராகச் சொன்னேன், அவர் இரண்டு கையையும் ஆட்டினார், அது ஒங்க இடம் மாப்பிள்ள, கட்டினவன் இடம், எ... எனக்கு எதுக்கு, எனக்குப் பாத்ததே போதும், அதற்குள் செல்வக்கனி அக்கா பையோடு வந்து நின்றாள், என்னையும் அவரையும் தரையையும் பார்த்தாள், யாரு உக்காருறது என்றாள், மாமா என்றேன், நீ இல்லையா என்றாள், எனக்கு விடலக்கா என்றேன், என் குரல் எனக்கே சின்னப் பையன் குரல் மாதிரி கேட்டது, அவள் பையை அவிழ்த்துக்கொண்டே, வீட்டுல இருக்கறவனுக்கு எவளாவது எடம் விடுவாளா, நல்லா இருக்கே கத என்றாள், அவள் அதை ஒரு பெரிய விஷயமாகச் சொல்லவில்லை, சொல்லும்போது இரண்டாம் ஒளிக்காக மூடியைத் தளர்த்தும் திருகுக்கட்டையைத் தேடிக்கொண்டிருந்தாள், தேடி எடுத்து, சீக்கிரம், காத்து ஒரு மாதிரியா இருக்கு என்றாள்.

மாமாவின் பயம் வேறாக இருந்தது, எடுக்கும்போது அல்லி தெரிய மாட்டாள், குரலும் கேட்காது, மூடி உள்ளே வாங்கும்போது வெளியே விடாது, எதிரில் ஒன்றும் இல்லாமல் அவள் விட்ட நேரங்களை மனத்தில் வைத்துக்கொண்டுதான் பேச வேண்டும், அதனால்தான் ஊரில் பலமுறை போட்டுப் பார்த்துப் பழகிக்கொண்டு உட்காருவார்கள், எனக்கு எங்க நி... நிக்கும்னு எனக்கே தெரியாது மாப்பிள்ள, ஒரு எழுத்து நின்னுடுச்சுன்னா அவ குரல் மேல எங் குரல் விழுந்துடும், இருக்கறதும் போயிடும், அ... அன்னைக்கு மாதிரி ஆயிடும், வேண்டாம் என்று எழுந்தார், உக்காருங்க மாமா, எனக்குத் தெரியும் என்றேன், என்ன தெரியும் என்றார், எல்லாம் என்றேன், எனக்குத் தெரிந்திருந்தது, எந்தக் கேள்விக்கு எத்தனை காய் உரிப்பாள், எந்தக் காயில் புழு இருந்து தள்ளி வைப்பாள், எப்போது மூச்சு இழுப்பாள், நான் பதில் சொல்லாமல் வெறுமனே உட்கார்ந்திருந்த நேரமெல்லாம் அதை மட்டும்தான் பார்த்துக்கொண்டிருந்தேன். அல்லி உட்காரும் இடத்தில் சுண்ணாம்பால் கோடு போட்டோம், அதற்கு நேர் பின்னால், வட்டத்துக்கு வெளியே, சுவரோடு ஒட்டி நான் உட்கார்ந்தேன், அங்கே இருந்தால் என் உருவம் இறங்காது, அவர் என்னைப் பார்த்தால் வில்லையில் அவளைப் பார்த்ததாக விழும், சத்தம் மட்டும் வரக் கூடாது தம்பி, தும்மினாகூடப் போச்சு என்றாள் செல்வக்கனி அக்கா, இரண்டு தடவை மூடியை இடப்பக்கம் திருப்பிப் பழகினோம், அல்லியின் முதுகுக்குப் பின்னாலிருந்து அவளோடு சேர்ந்து நானும் வாயசைத்தேன், அவர் முதலில் அவளைப் பார்த்தார், பிறகு மெல்லக் கண்ணை உயர்த்தி என்னைப் பார்த்தார், பிறகு அக்கா மூடியை வலப்பக்கம் திருப்பி வைத்துவிட்டு, தெருவில் யாரும் கூவாமல் பார்த்துக்கொள்ள ஓசையில்லாமல் வெளியே போனாள்.

வந்தாச்சா, படகு ஆடிச்சா, என் உதடு மட்டும் அசைகிறது, எதிரில் அவர் சம்மணம் போட்டு உட்கார்ந்திருக்கிறார், நான் அவளாக உட்கார்ந்திருக்கிறேன், மடியில் இல்லாத முறம், கையில் இல்லாத மொச்சை, ஒரு காயை உரிக்கிறேன், இன்னொன்றை எடுக்கிறேன், அவர் கண் என் விரல்களில் இருக்கிறது, எத்தனை காய் மீதி என்று பார்த்துப் பார்த்து வார்த்தையை இறக்குகிறார், ஆடிச்சும்மா, என் தலை தானாக ஒரு பக்கம் சாய்கிறது, நான் சாய்க்கவில்லை, சாப்பாடு ஆச்சா, சுண்டல், உப்பு, காகிதம், ராத்திரில தூக்கம் வருதா, வ... வரும்மா, விடியிற நேரத்துக்கு வரும் என்கிறார், நான் ஒரு காயைத் தள்ளி வைக்கிறேன், புழு, நிமிர்ந்து பார்க்கிறேன், கோவம் எல்லாம் போயிடுச்சா, இந்தக் கேள்வியை நான் யாரிடமும் கேட்டதில்லை, கேட்கிறேன், அவர் என்னைப் பார்த்து, ஐசுக்குள்ள வச்சிருக்கேன், கெ... கெட்டுப்போகாது என்கிறார், இப்போது சிரிக்க வேண்டும், அவர் அந்த இடத்தில் நிறுத்த வேண்டும் என்பதற்காக நான் சிரித்துக் காட்டியாக வேண்டும், முழங்கையைத் தூக்கி வாயை மறைத்துக்கொண்டு சத்தமில்லாமல் சிரிக்கிறேன், தோள் குலுங்குகிறது, அவள் தோள் குலுங்கும் அளவுக்குத்தான், பிறகு அந்த அளவைத் தாண்டியும் குலுங்குகிறது, நிறுத்தப் பார்க்கிறேன், நிற்கவில்லை, என் கண் நிறைந்து எதிரில் இருப்பவர் மங்கலாகத் தெரிகிறார், முழங்கையை எடுக்க முடியவில்லை, எடுத்தால் சத்தம் வந்துவிடும், ஒரு கையால் காயை உரிக்கிறேன், அவர் பார்க்க வேண்டுமே, இன்னும் காய் இருக்கிறது மாமா, சொல்லுங்கள், அவர் வாயைத் திறந்து, நா... நா... நான் என்கிறார், நின்றுவிடுகிறது, ஒரு காய், கழுத்து நரம்பு புடைக்கிறது, இன்னொரு காய், மு... மு... முன்னாடியே வந்திருக்கணும்மா என்கிறார், கடைசிப் பருப்பு விழுகிறது, நான் முழங்கையை இறக்கி, உதட்டைக் கட்டுப்படுத்தி, சரி இரு, டீ போடுறேன் என்று வாயசைத்து, முறத்தைத் தள்ளி வைத்து எழுகிறேன், அவர் தலை அசைகிறது, போ என்பதுபோல, சுவரோரமாகவே நடந்து சமையலறைக்குள் போகிறேன், கூடத்தில் முறம் மட்டும் இருக்கும் நேரம் இது, கொஞ்ச நேரம்தான், எனக்குத் தெரியும் எவ்வளவு என்று, மேடையில் கிடந்த அவள் கைத்துணியை எடுத்து வாய்க்குள் திணித்துக்கொள்கிறேன், உள்ளே முட்டி முட்டி வருகிறது, இன்னும் விழவில்லை, இன்னும் விழவில்லை, பிறகு மூடி விழும் சத்தம் கேட்டது, துணியை எடுத்துவிட்டேன்.